ஹாலில் பச்சைக்கல் தூண் ஆசையா? கலரைப் பார்க்கும் முன் இந்தக் கேள்விகளைக் கேளுங்கள்!

"பாப்பா, நீதான் நெட்டுல எல்லாத்தையும் தேடிப் பிடிப்பியே... நல்ல பச்சைக் கலர்ல கல்லுத் தூணு எங்க கிடைக்கும்னு பார்த்துச் சொல்லு!"

தருமபுரியில் வீடு கட்டிக்கொண்டிருக்கும் அத்தையிடமிருந்து ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் வந்த போன் இது. வீடு முக்கால்வாசி முடிந்துவிட்டது. ஹாலுக்கும் சாப்பாட்டு அறைக்கும் நடுவில் இரண்டு கான்கிரீட் தூண்கள் நிற்கின்றன. அவற்றைப் பச்சைக்கல்லாக மாற்ற வேண்டும் என்பது அத்தையின் ஆசை.

ஏன் பச்சை? எங்கள் தாத்தா வீட்டுத் திண்ணையில் இரண்டு கல்தூண்கள் இருந்தன. காய்ந்திருக்கும்போது சாம்பல் நிறம். மழைச்சாரல் பட்டால் கரும்பச்சை. அத்தை சிறுமியாக இருந்தபோது அந்தத் தூணில் சாய்ந்துதான் படிப்பாராம். பாகப்பிரிவினையில் வீடு கைமாறியது, இடிக்கப்பட்டது, தூண்கள் எங்கே போயின என்று யாருக்கும் தெரியாது. அத்தை கேட்டது தூணை இல்லை, அந்தத் திண்ணையை என்று எனக்குப் புரிந்தது.

நாலு போட்டோ அனுப்பினால் வேலை முடிந்துவிடும் என்றுதான் நினைத்தேன். ஆனால், அடுத்த மூன்று வாரங்களில் கல் பட்டறை, இன்ஜினீயர், மேஸ்திரி என்று அத்தையோடு அலைந்ததில் தெரிந்த விஷயங்கள், வீடு கட்டும் எல்லோருக்கும் பயன்படும் என்று தோன்றியது. அதுதான் இந்த வாரம்.

முதல் கேள்வி: இந்தத் தூண் எதையாவது தாங்குகிறதா?

வீட்டுக்குள் கல்தூண் என்று நாம் சொல்வது மூன்று விதம். ஒன்று, முழுக் கல்லில் செதுக்கி, மேலே இருக்கும் எடையைத் தாங்கும் நிஜத் தூண். நம் கோயில்களிலும், செட்டிநாட்டு வீடுகள் சிலவற்றிலும் பார்ப்பது இதைத்தான். இரண்டு, எதையும் தாங்காமல் அழகுக்கு மட்டும் நிற்கும் முழுக் கல்தூண். மூன்று, கான்கிரீட் தூணின் மேல் கல் பலகைகளை ஒட்டி மூடுவது. இன்றைக்கு வீடுகளில் நடப்பது பெரும்பாலும் இந்த மூன்றாவது விதம்.

முழுக் கல் வேண்டும் என்றால் எடையை யோசியுங்கள். ஒரு கன அடி கிரானைட் சுமார் 75 கிலோ. ஓர் அடிக்கு ஓர் அடி சதுரமாக, 10 அடி உயரத் தூண் என்றால் 750 கிலோ. அதையே உருட்டினால்கூட 590 கிலோ வரும். வீட்டு அறைகளின் தளத்துக்குச் சதுர மீட்டருக்கு 200 கிலோ பயன்பாட்டுச் சுமை என்றுதான் இந்தியத் தர விதிகளின்படி கணக்குப் போடுகிறார்கள். முக்கால் டன் எடையைச் சதுர அடி இடத்தில் கொண்டுபோய் நிறுத்தினால் என்ன ஆகும் என்பதை இன்ஜினீயர்தான் சொல்ல வேண்டும். குறிப்பாக, மாடி அறைகளில் அவரைக் கேட்காமல் முழுக் கல்தூண் என்ற பேச்சே கூடாது. தரைத்தளம் என்றாலும் அதற்கென்று தனி அஸ்திவாரம் தேவைப்படலாம். கூரை போட்ட பிறகு அதை எப்படி உள்ளே கொண்டுவந்து நிமிர்த்துவது என்பது அடுத்த தலைவலி.

அத்தை வீட்டில் முழுக் கல்லுக்கு வழியில்லை. 'சரி, ஒட்டிவிடலாம்' என்று முடிவானபோதுதான் அந்தச் சம்பவம் நடந்தது.

ஒரு இன்ச் கொத்திடலாமா?

18 மி.மீ. கல் பலகை, அதன் பின்னால் ஒட்டும் கலவை 12 மி.மீ. என்று வைத்தால், ஒவ்வொரு பக்கமும் 30 மி.மீ. கூடும். 12 இன்ச் தூண் சுமார் 14.4 இன்ச் ஆகிவிடும். அத்தைக்கு அது பிடிக்கவில்லை. "ஹாலே அடைச்ச மாதிரி ஆயிடுமே!"

உடனே வேலையில் இருந்த மேஸ்திரி, "அதுக்கென்னங்கம்மா... தூணை நாலு பக்கமும் ஒரு இன்ச் கொத்திட்டா பழைய சைஸே வந்துடும். அரை நாள் வேலை" என்றார். அத்தை முகம் மலர்ந்தது. மாமாவும் தலையாட்டினார். மறுநாள் காலை ஆள் வருவதாக ஏற்பாடு.

எனக்கு ஏதோ உறுத்தியது. தூணை போட்டோ எடுத்து இன்ஜினீயருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பி, 'கொத்தலாமா சார்?' என்று கேட்டேன். பதில் வரவில்லை, ஆளே வந்துவிட்டார்.

"கான்கிரீட் தூண்ல கம்பிக்கு வெளியே வழக்கமா 40 மி.மீ. கனத்துக்கு கான்கிரீட் விடுவோம். கம்பிக்குக் காத்தும் ஈரமும் படாம காப்பாத்துற போர்வை அது. ஒரு இன்ச்னா 25 மி.மீ. அதை எடுத்துட்டா மிச்சம் 15 மி.மீ. கொத்துற வேகத்துல அதுவும் விரிசல் விடும். கம்பி துருப்பிடிக்கும். துரு வீங்கி கான்கிரீட்டை வெடிக்க வைக்கும். மேல கல்லு ஒட்டியிருக்கிறதால, உள்ளே நடக்கிறது உங்க கண்ணுக்கே தெரியாது. அது மட்டுமா? வீட்டைத் தாங்குற தூணோட குறுக்களவையே குறைக்கிறீங்க!"

மாமா வெளியே போய் மேஸ்திரிக்கு போன் போட்டார். அத்தை அன்று இரவு சரியாகத் தூங்கவில்லை என்று பிறகு சொன்னார்.

மேஸ்திரியைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. கேட்டவர் மனம் குளிரும்படி ஒரு வழி சொன்னார். ஆனால், அழகுக்காகச் செய்யும் எந்த வேலையும் தூணின் உள்ளே போகக் கூடாது. கல் பிடிப்பதற்காக மேற்பரப்பைச் சற்றுச் சொரசொரப்பாக்கலாம். அதுவும் இன்ஜினீயர் சொல்லும் அளவுக்குத்தான். தூண் பெரிதாகத் தெரியும் என்றால் மெல்லிய பலகை, மெல்லிய பசை என்று மாற்றலாம். அல்லது தூணின் கீழ்ப்பாதிக்கு மட்டும் கல் வைக்கலாம். தூணைச் செதுக்குவது மட்டும் வழியே இல்லை.

பச்சை ஒன்றுதான், கல் வேறு வேறு

அடுத்த சனிக்கிழமை கிருஷ்ணகிரி பக்கம் ஒரு கிரானைட் பட்டறைக்குப் போனோம். 'பச்சைக்கல் வேண்டும்' என்றதும் கடைக்காரர் வரிசையாகக் காட்டினார். எல்லாம் பச்சைதான். ஆனால், குணம் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை.

கிரானைட்: 'குப்பம் கிரீன்', 'ஹாசன் கிரீன்' என்ற பெயர்களில் கிடைப்பவை. குப்பம் கிருஷ்ணகிரியை ஒட்டிய ஆந்திரப் பகுதி. ஹாசன் கர்நாடகத்தில் இருக்கிறது. இவை கடினமானவை. எளிதில் கீறல் விழாது, எலுமிச்சை, புளித்தண்ணீர் பட்டாலும் பெரிதாக ஒன்றும் ஆகாது. குழந்தைகள் ஓடியாடும் வீட்டுக்கும், சாப்பாட்டு மேஜை பக்கத்துத் தூணுக்கும் கவலையில்லாத தேர்வு.

பச்சை மார்பிள்: ராஜஸ்தானில் உதய்ப்பூருக்குத் தெற்கே கேசரியாஜி என்கிற ரிஷப்தேவ் பகுதியில் வெட்டப்படுவது. அடர்ந்த பச்சையில் வெள்ளை நரம்புகள் ஓடும். பார்த்தவுடன் மனதைப் பறிக்கும் அழகு இதற்குத்தான். பெயர்தான் மார்பிள், உண்மையில் இது செர்பென்டைன் என்ற வகைக் கல். பாம்புத் தோல் போன்ற தோற்றத்தால் வந்த பெயர் அது. கிரானைட்டைவிட மென்மையானது. தண்ணீர் விஷயத்தில் இதற்கு ஒரு வினோதமான பழக்கம் உண்டு. அதைப் பிறகு சொல்கிறேன்.

கோட்டா கல்: இதுவும் ராஜஸ்தான்தான். சாம்பல் கலந்த வெளிர்பச்சை. சுண்ணாம்புக்கல் வகை. தரைக்குப் போடுவதைப் பலரும் பார்த்திருப்போம். விலை மலிவு. தூணுக்கும் அடக்கமான அழகு தரும். ஆனால், ஆசிட் பட்டால் அந்த இடம் வெளுத்துவிடும்.

பச்சை ஓனிக்ஸ்: பின்னால் விளக்கு வைத்தால் ஒளி ஊடுருவி ஜொலிக்கும். விலை அதிகம். மிக மென்மையானது, ஸ்பூன் உரசினாலே கவலைப்பட வேண்டியதுதான். கைக்கு எட்டாத இடத்துக்கு மட்டும் சரி.

இவற்றோடு இன்னொன்று. நம் ஊர் மலைக்கல்லிலேயே பச்சை இருக்கிறது. சென்னை பல்லாவரம் மலைக்கல்லை நிலவியலில் 'சார்னகைட்' என்பார்கள். கொல்கத்தாவில் இருக்கும் ஜாப் சார்னாக்கின் கல்லறைக் கல் இந்த வகை என்பதால், தாமஸ் ஹாலண்ட் என்ற நிலவியலாளர் வைத்த பெயர் அது. புதிதாக உடைத்தால் எண்ணெய் தடவியதுபோல் கரும்பச்சை மின்னும். வெயிலிலும் மழையிலும் பல காலம் கிடந்தால் பழுப்பாகும். 'திண்ணைத் தூண் இந்த மாதிரிக் கல்லாகத்தான் இருந்திருக்குமோ?' என்று அத்தை கேட்டார். இருக்கலாம் என்றேன்.

கைப்பையில் நான்கு பொருள்கள்

கடையில் சொல்லும் பெயரை மட்டும் நம்பாதீர்கள். ஒரே கல்லுக்குக் கடைக்குக் கடை வேறு பெயர் இருக்கிறது. ஒரு சின்னத் துண்டு சாம்பிள் வாங்குங்கள். வீட்டில் இருக்கும் நான்கு பொருள்களே போதும்.

கத்தி: சாம்பிளின் பின்பக்க ஓரத்தில் அழுத்திக் கீறுங்கள். கிரானைட்டில் கோடு விழாது. பச்சை மார்பிள், கோட்டா, ஓனிக்ஸ் என்றால் கோடு விழும்.

எலுமிச்சை: பாலிஷ் போட்ட பக்கத்தில் இரண்டு சொட்டு விட்டு, கால் மணி நேரம் கழித்துத் துடைத்து, வெளிச்சத்தில் சாய்த்துப் பாருங்கள். பளபளப்பு போயிருந்தால் அந்தக் கல்லில் சுண்ணாம்பு இருக்கிறது. பச்சை மார்பிளில் வெள்ளை நரம்பு மட்டும் மங்கியிருந்தாலும் அதே அர்த்தம்தான்.

தண்ணீர்: சில சொட்டு விட்டு 10 நிமிடம் காத்திருங்கள். துடைத்த பிறகும் கறுப்பாகத் திட்டுத் தெரிந்தால் கல் ஈரத்தை இழுக்கிறது. சீலர் பூசாமல் வைக்கக் கூடாது.

நெயில் பாலிஷ் ரிமூவர்: அசிட்டோன் இருக்கும் ரிமூவரைப் பஞ்சில் நனைத்து அழுத்தித் தேயுங்கள். பஞ்சில் பச்சை ஒட்டினால் அது கல்லின் நிறமல்ல, சாயம்! நாங்கள் பார்த்த ஒரு கடையில் மலிவாகக் கிடைத்த துண்டு ஒன்று இந்தச் சோதனையில் மாட்டியது. அத்தை ஒன்றும் பேசாமல் பஞ்சை மேஜையில் வைத்துவிட்டு எழுந்தார்.

கடை வெளிச்சம் வேறு, வீட்டு வெளிச்சம் வேறு

பச்சை மிகவும் ஏமாற்றும் நிறம். பட்டறை முற்றத்தின் வெயிலில் இலைப்பச்சையாகத் தெரிந்த பலகை, அத்தை வீட்டு ஹாலில் கிட்டத்தட்டக் கறுப்பாகத் தெரிந்தது. ஜன்னல் தள்ளி இருக்கும் இடத்துக்கு அடர்பச்சை சரிவராது. விளக்கும் முக்கியம். 3000 கெல்வின் மஞ்சள் எல்.இ.டி. பல்பின் கீழ் பச்சை கொஞ்சம் பாசி நிறத்துக்கு மாறும். 6500 கெல்வின் வெள்ளை விளக்கில் நீலம் கலந்ததுபோல் தெரியும். சாம்பிளைத் தூணோடு சேர்த்து நிறுத்தி வைத்து, காலை, மதியம், இரவு என்று மூன்று வேளையும் பாருங்கள்.

பாலிஷிலும் இரண்டு விதம். கண்ணாடி மாதிரி மெருகு போட்டால் நிறம் ஆழமாகத் தெரியும். கூடவே கைரேகையும் தெரியும். மேட் பாலிஷ் என்றால் நிறம் சற்று வெளிறும்; ஆனால், பார்க்க இயல்பாக இருக்கும்.

ஒட்டுவதில் இருக்கிறது சூட்சுமம்

பச்சை மார்பிளின் வினோதப் பழக்கத்தைச் சொல்கிறேன் என்றேனே, அது இதுதான். சிமென்ட் கலவையில் ஒட்டினால் பலகையின் பின்பக்கம் மட்டும் ஈரம் குடித்து விரியும். முன்பக்கம் அப்படியே இருக்கும். விளைவு, காய்ந்த வாழை இலைபோல ஓரங்கள் வளைந்து எழும்பும். அதனால், செர்பென்டைன் வகைக் கல்லை எபாக்ஸி போன்ற, தண்ணீர் கலக்காத பசையில்தான் ஒட்ட வேண்டும். குளியலறை ஓரம், வாஷ்பேசின் பக்கத்துத் தூணுக்கு இந்தக் கல்லைத் தவிர்ப்பது நல்லது.

ஆனால், இதைக் கேட்டு அந்தக் கல்லை ஒதுக்க வேண்டியதில்லை. இஸ்தான்புல்லில் 537-ல் கட்டி முடிக்கப்பட்ட அயா சோபியாவுக்குள், கிரீஸின் தெசலி பகுதியிலிருந்து கொண்டுவரப்பட்ட பச்சைத் தூண்கள் நிற்கின்றன. அவையும் செர்பென்டைன் குடும்பம்தான். உலர்ந்த உள்ளரங்கில் நிறுத்தினால் எத்தனை காலம் தாங்கும் என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

எந்தக் கல்லாக இருந்தாலும் பசையை மட்டும் நம்பி உயரமான பலகையை நிறுத்தக் கூடாது. 18 மி.மீ. கிரானைட் சதுர அடிக்கு சுமார் நாலரை கிலோ. ஓர் அடிச் சதுரத் தூணை 10 அடி உயரத்துக்கு மூட 48 சதுர அடி தேவை. அதாவது 200 கிலோவுக்கு மேல் கல். துருப்பிடிக்காத ஸ்டீல் பின் அல்லது கிளாம்ப் வைத்துப் பிடிக்கச் சொல்லுங்கள். மூலைகளை 45 டிகிரியில் சீவிச் சேர்த்தால் முழுக்கல்போலத் தெரியும். ஆனால், கூர்முனையை லேசாக உருட்டிவிட வேண்டும். வீட்டில் தவழும் குழந்தை இருந்தால் இதை மறக்கவே கூடாது.

தூசு யாருக்குப் போகிறது?

பட்டறையில் ஒரு பையன் கட்டிங் மெஷினில் கல்லை அறுத்துக்கொண்டிருந்தான். என் வயதுதான் இருக்கும். வாயில் ஒரு துண்டு கட்டியிருந்தான். புருவமெல்லாம் வெள்ளை. பக்கத்திலேயே இருந்த பெரிய மெஷினில் தண்ணீர் பீய்ச்சியபடி அறுத்தார்கள்; அங்கே தூசே இல்லை.

கிரானைட்டில் இருக்கும் சிலிக்கா, நுண்ணிய தூசாக நுரையீரலுக்குள் போனால் சிலிக்கோசிஸ் வரும். வந்தால் குணப்படுத்த முடியாத நோய் அது. கல்வேலை நிறைந்த ராஜஸ்தான், இந்த நோயால் பாதிக்கப்பட்ட தொழிலாளர்களுக்காக 2019-ல் தனிக் கொள்கையே கொண்டுவந்தது. செர்பென்டைன் வகைப் பாறைகளில் ஆஸ்பெஸ்டாஸ் இழைகளும் சேர்ந்திருக்க வாய்ப்பு உண்டு. பாலிஷ் போட்டுச் சும்மா நிற்கும் கல்லைவிட, அதைக் காய்ந்தபடி அறுக்கும்போதும் தேய்க்கும்போதும்தான் ஆபத்து.

நாம் செய்யக்கூடியது இருக்கிறது. அளவைத் துல்லியமாக எடுத்துக் கொடுத்து, அறுப்பு வேலை முழுவதையும் பட்டறையில், தண்ணீர் விட்டு அறுக்கும் மெஷினில் முடிக்கச் சொல்லலாம். வீட்டில் வைத்து அறுத்தே ஆக வேண்டும் என்றால் வெட்டவெளியில், தண்ணீர் ஊற்றியபடி, நல்ல மாஸ்க்கோடு செய்யச் சொல்லலாம். துண்டு கட்டினால் போதாது. 'எக்ஸ்ட்ரா ஆகும்மா' என்றார்கள். அத்தை, "ஆகட்டும்" என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார்.

அட்வான்ஸ் கொடுக்கும் முன்...

* தேர்ந்தெடுத்த பலகைகளில் உங்கள் பெயரையோ குறியீட்டையோ எழுதி, போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். இயற்கைக் கல்லில் ஒரு பலகைபோல இன்னொன்று இருக்காது.

* இரண்டு தூண் என்றால் இரண்டுக்கும் ஒரே பிளாக்கில் அறுத்த பலகைகளைக் கேளுங்கள். சேதாரத்துக்கும் சேர்த்து ஒரே தடவையில் வாங்குங்கள்.

* கல் விலை, அறுப்பு, மூலை பாலிஷ், வண்டி வாடகை, ஒட்டும் கூலி எல்லாவற்றையும் தனித்தனியாக எழுதி வாங்குங்கள். சதுர அடி விலை குறைவு என்று போனால், மூலை பாலிஷில் பிடித்துவிடுவார்கள்.

* பின்பக்கம் வலை ஒட்டியிருந்தால் ஏன் என்று கேளுங்கள். நரம்பு ஓடும் கல் உடையாமல் இருக்க அப்படிச் செய்வார்கள், அது குற்றமில்லை. ஆனால், ஒட்டுபவருக்கு அது முன்கூட்டியே தெரிய வேண்டும்.

* வீட்டைத் துடைக்க வருபவரிடம், தூண் பக்கம் ஆசிட் கிளீனர் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். ஈரத்துணியும், தேவைப்பட்டால் கொஞ்சம் சோப்புத் தண்ணீரும் போதும்.

அத்தை கடைசியில் என்ன வாங்கினார்?

ராஜஸ்தான் பச்சை மார்பிள் முன்னால் வெகுநேரம் நின்றார். பிறகு, சாப்பாட்டு அறைப் பக்கம், பேரப்பிள்ளைகள் கை என்று எல்லாவற்றையும் யோசித்து, குப்பம் கிரீன் கிரானைட்டை மேட் பாலிஷில் எடுத்தார். இரண்டு தூணுக்கும் தரையிலிருந்து நாலடி உயரம் வரைக்கும் மட்டும். அதற்கு மேல் வெள்ளைச் சுவர்ப்பூச்சு. ஹால் அடைத்த மாதிரியும் இல்லை. செலவும் பாதிக்குமேல் குறைந்தது.

வேலை முடிந்த அன்று வீடியோ கால் போட்டார். 'சாம்பலாத்தானே தெரியுது அத்தை?' என்று கேட்டேன். பதில் சொல்லாமல் ஒரு ஈரத்துணியை எடுத்துத் தூணை மேலிருந்து கீழாக ஒரு தடவை துடைத்தார். துணி போன வழியெல்லாம் கரும்பச்சை.

"பாத்தியா?" என்றார். அப்புறம் போனை மாமா கையில் கொடுத்துவிட்டு, கீழே உட்கார்ந்து சாய்ந்துகொண்டார்.